கொத்தமல்லிக்கு இரண்டு முகவரி: தமிழ் இணைப்புகள் உடையாமல் இருக்க

என் சமையல் குறிப்புத் தளத்தில் கொத்தமல்லித் துவையல் பக்கம் எனக்கு ஒழுங்காகத் திறந்தது. அக்கா தன் கைப்பேசியில் அதே முகவரியைத் தட்டச்சு செய்தால் 404, அதாவது 'பக்கம் இல்லை' என்று வந்தது. இரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்தேன். அதே சொல், அதே எழுத்துகள். காரணம் பிடிபட இரண்டு இரவு ஆயிற்று. அந்தத் தொல்லை உங்களுக்கு வேண்டாம் என்றுதான் இதை எழுதுகிறேன். உங்களிடம் ஒரு தளம் ஓடுகிறது, எஃப்12 அழுத்தி உலாவியின் கன்சோலைத் திறக்கத் தெரியும் என்று எடுத்துக்கொள்கிறேன்.

1. எழுத்திலிருந்து பைட்டுக்கு

இணைய முகவரி வயர் வழியே போகும்போது அதில் தமிழ் எழுத்து இருக்காது. ஆங்கில எழுத்துகள், எண்கள், சில குறிகள், அவ்வளவுதான். 2005-இல் வந்த ஆர்எஃப்சி 3986 என்ற இணையத் தர ஆவணத்தின் விதி இது. மற்ற எல்லாம் முதலில் பைட்டாக, அதாவது 0 முதல் 255 வரையான எண்களாக, வேண்டும். பிறகு ஒவ்வொரு பைட்டும் ஒரு % குறியும் இரண்டு ஹெக்ஸ் (பதினாறு இலக்க எண்முறை) இலக்கமுமாக மாறும்.

'அ'-வை எடுத்துக்கொள்வோம். எழுத்துகளுக்கெல்லாம் எண் தரும் யூனிகோடில் அதன் எண் 2949. அந்த எண்ணைப் பைட்டாக்கும் முறையான யூடிஎஃப்-8 இதை மூன்று பைட்டாக உடைக்கிறது. 2949-ஐ 64-ஆல் வகுத்தால் ஈவு 46, மீதி 5. இரண்டோடும் 128-ஐக் கூட்டினால் 174, 133. முன்னால் 224 சேரும். ஆக 224, 174, 133. ஹெக்ஸில் இவை ஈ0, ஏஈ, 85 (இந்த ஏ, ஈ எல்லாம் ஆங்கில எழுத்துகளின் ஒலி). முகவரியில் %ஈ0%ஏஈ%85 என்று போகும். ஒரு தமிழ்க் குறியீட்டுக்கு மூன்று பைட், ஒன்பது எழுத்து. 'தமிழ்' என்பது த, ம, இகரக் குறி, ழ, புள்ளி என ஐந்து குறியீடு. அதனால் முகவரியில் 45 எழுத்து. தமிழ் இணைப்பை வாட்ஸ்அப்பில் ஒட்டினால் ரயில் மாதிரி நீள்வது இதனால்தான்.

இதே மூன்று பைட்டை விண்டோஸ்-1252 என்ற பழைய எழுத்துத் தொகுப்பில் படித்தால் 224 என்பது தலையில் சாய்கோடு போட்ட சின்ன ஏ, 174 வட்டத்துக்குள் ஆர், 133 மூன்று புள்ளி. பக்கம் முழுக்க அந்த ஏ-யும் வட்ட ஆரும் மாறி மாறி வந்தால் பயப்பட வேண்டாம். தமிழ் பத்திரமாக இருக்கிறது, தப்பான கண்ணாடி போட்டுப் படிக்கிறார்கள், அவ்வளவுதான். மாறாகக் கேள்விக்குறிகளாகவே சேமிப்பில் கிடந்தால் எழுத்து போய்விட்டது. பழைய பிரதியிலிருந்துதான் மீட்க வேண்டும்.

2. பக்கத்தின் தலையில் சொல்லிவிடுங்கள்

பக்கம் எந்த எழுத்து முறையில் இருக்கிறது என்று உலாவிக்குச் சொல்லும் மெட்டா சார்செட் யூடிஎஃப்-8 என்ற வரியைப் பக்கத்தின் முதல் 1024 பைட்டுக்குள் வையுங்கள். சர்வர் அனுப்பும் கன்டென்ட்-டைப் தலைப்பிலும் அதுவே இருக்கட்டும். இதை விட்டால் தேடல் பெட்டியில் வினோதம் நடக்கும். பக்கம் விண்டோஸ்-1252 என்று உலாவி நினைத்துக்கொண்டால், 'அ' அந்தத் தொகுப்பில் இல்லாததால் &#2949; என்று எழுதி அனுப்பும். உங்கள் தேடல் 'அவல்' தேடாமல் எண்களைத் தேடும்.

3. துண்டு துண்டாகக் குறியாக்குங்கள்

முழு முகவரியையும் ஒரே மூச்சில் மாற்றாதீர்கள். மாற்ற வேண்டிய துண்டை மட்டும் மாற்றிவிட்டு அப்புறம் கோர்த்துக்கொள்ளுங்கள். ஜாவாஸ்கிரிப்டில் என்கோட்யூஆர்ஐகம்போனன்ட் என்ற ஃபங்ஷன் போதும். 'இட்லி & சட்னி' என்று தேடினால் நடுவில் இருக்கும் & குறியை அது %26 ஆக்கும். கம்போனன்ட் இல்லாத என்கோட்யூஆர்ஐ அதை அப்படியே விட்டுவிடும், சட்னி தனி அளவுருவாக, அதாவது வேறொரு தகவலாகப் பிரிந்துபோகும். பழைய எஸ்கேப் ஃபங்ஷனைத் தொடவே வேண்டாம், தமிழுக்கு அது தருவது எந்த விதிக்கும் பொருந்தாத வடிவம். பைத்தானில் குவோட் இருக்கிறது. ஆனால் அது சாய்கோட்டை மாற்றாமல் விடும் என்பதை நினைவில் வையுங்கள்.

ஒரு முறை மட்டும் மாற்றுங்கள். இடைவெளி %20 ஆகும். அதையே மறுபடி மாற்றினால் % குறி %25 ஆகி %2520 வரும். முகவரியில் %25 என்று எங்கே பார்த்தாலும் யாரோ இரண்டு முறை மாற்றியிருக்கிறார்களா என்று பாருங்கள்.

4. என்னைச் சிக்க வைத்த இடம்

இனி கொத்தமல்லி. 'கொ'-வை இரண்டு விதமாகச் சேமிக்கலாம். ககரத்துக்கு அடுத்து 'ொ' என்ற ஒரே குறி (எண் 3018) வருவது ஒன்று. ககரம், ஒற்றைக் கொம்பு (3014), கால் (3006) என்று தனித்தனியாக வருவது இன்னொன்று. திரையில் இரண்டும் அச்சு அசலாக ஒன்றே. பைட் வேறு. முதல் வகையில் கொத்தமல்லி பத்துக் குறியீடு, முகவரியில் 90 எழுத்து. இரண்டாவதில் பதினொன்று, 99 எழுத்து.

என் குறிப்புகளில் பாதி, பழைய எழுத்துருவில் அடித்து ஒரு மாற்றி வழியாக யூனிகோடுக்கு வந்தவை. அந்த மாற்றி கொம்பையும் காலையும் சேர்க்காமலே விட்டிருந்தது. நான் எப்போதும் தளத்துக்குள்ளேயே இணைப்பைச் சொடுக்கித் திறந்ததால் எனக்கு வேலை செய்தது. அக்காவின் விசைப்பலகை சேர்ந்த குறியைப் போட்டது. சர்வருக்கு அது வேறு பெயர். உலாவியும் பாதையில் இருப்பதைத் திருத்தாமல் அப்படியே அனுப்பும்.

சோதிக்க, கன்சோலில் சொல்லை மேற்கோளுக்குள் ஒட்டி அதன் லெங்த் கேளுங்கள். பத்தா, பதினொன்றா என்று உடனே தெரியும். சரிசெய்ய, நார்மலைஸ் ஃபங்ஷனுக்கு என்எஃப்சி என்று கொடுங்கள், கொம்பும் காலும் ஒன்றாகிவிடும். பைத்தானில் யூனிகோட்டேட்டாவுக்குள் இதே பெயரில் இருக்கிறது. சேமிக்கும்போது ஒரு முறை, முகவரி வந்து விழும்போது ஒரு முறை, இரண்டு இடத்திலும் செய்யுங்கள். நான் முதலில் சேமிப்பில் மட்டும் செய்தேன். ஏற்கெனவே பகிரப்பட்ட பழைய இணைப்புகள் எல்லாம் அறுந்தன.

ஔகாரத்தில் மட்டும் கண்ணால் பாருங்கள். 'கௌ' எழுத வேண்டிய இடத்தில் ஒற்றைக் கொம்பும் ளகரமும் போட்டு 'கெள' என்று அடித்திருந்தால் என்எஃப்சி தொடாது. அது எழுத்துப் பிழை, கையால்தான் திருத்த வேண்டும்.

இதற்கெல்லாம் மாற்றித் தரும் இணையதளங்கள் நிறைய உண்டு. எனக்குக் கன்சோல்தான் பிடிக்கும். ஒட்டிய சொல் உங்கள் கணினியை விட்டு வெளியே போகாது, நடுவில் யாரும் சத்தமில்லாமல் திருத்தித் தரவும் மாட்டார்கள்.

பின்சேர்க்கை: தன் படிவத்தில் +91 என்று தொடங்கும் கைப்பேசி எண் கூட்டல் குறி இல்லாமல் வருவதாக ஒருவர் எழுதியிருந்தார். படிவங்கள் இடைவெளியை %20 ஆக்காமல் + ஆக்கி அனுப்பும். அதனால் சர்வர், மாற்றாமல் வந்த + எல்லாவற்றையும் இடைவெளியாகப் படிக்கும். அவர் இணைப்பைக் கையால் கோர்த்திருந்தார். எண்ணை மட்டும் மூன்றாம் பகுதியில் சொன்னபடி மாற்றியதும் + குறி %2பி ஆனது, எண் முழுதாக வந்தது.