பைபாஸ் முடிந்தபின் தாம்பத்தியம்: எப்போது, எப்படித் தொடங்குவது?

டிஸ்சார்ஜ் சீட்டில் உப்பு, எண்ணெய், நடை பற்றியெல்லாம் எழுதியிருக்கும். இதைப் பற்றி பெரும்பாலும் ஒரு வரிகூட இருக்காது. கேட்கவும் கூச்சம். ஆனால் காத்திருக்க வேண்டியது, பலருக்கு இதயத்துக்காக அல்ல; நெஞ்செலும்புக்காக.

1. எலும்பு சேரட்டும்

நடு நெஞ்செலும்பை நெடுக அறுத்து, கம்பியால் கட்டியிருப்பார்கள். அது நன்றாகச் சேர்ந்திருந்தால் 6 முதல் 8 வாரத்துக்குப் பிறகு உறவு கொள்ளலாம் என்கிறது அமெரிக்க இதய சங்கத்தின் 2012 அறிக்கை. சர்க்கரை இருந்தால் காயம் ஆற இன்னும் நாளாகலாம். அதுவரை பக்கத்தில் படுப்பதற்கும் முத்தத்துக்கும் தடையில்லை. இருமும்போது நெஞ்சில் ‘டக்’கென்று அசைந்தாலோ காயத்தில் நீர் கசிந்தாலோ முதலில் சர்ஜனைப் பாருங்கள்.

2. மாடிப்படி ஏறிப் பாருங்கள்

தினசரி நடை பழகியபின், இரண்டு மாடி சற்று வேகமாக ஏறுங்கள். நெஞ்சுவலி, மூச்சிரைப்பு இல்லையா? உறவுக்கு வேண்டிய தெம்பும் ஏறக்குறைய அவ்வளவுதான். சந்தேகம் இருந்தால் டாக்டர் டிரெட்மில் டெஸ்ட் எடுக்கச் சொல்வார்.

3. ரிவ்யூவுக்கு இருவரும் போங்கள்

“டாக்டர், நாங்க சேர்ந்து இருக்கலாமா?” இவ்வளவு கேட்டால் போதும், அவருக்குப் புரியும். நோயாளியைவிடத் துணைக்குத்தான் பல வீடுகளில் பயம் அதிகம். பதிலை அவரும் நேரில் கேட்கட்டும். அறுவை செய்துகொண்டவர் பெண் என்றால் மார்பு வலி, பிறப்புறுப்பு வறட்சி இவற்றையும் சொல்லலாம். வறட்சிக்கு ஜெல் இருக்கிறது.

4. மாத்திரை விஷயம்

இதைத்தான் இரண்டு முறை படிக்கச் சொல்வேன். நெஞ்சுவலிக்குத் தரும் சார்பிட்ரேட் போன்ற நைட்ரேட் மாத்திரை எடுப்பவர்கள் சில்டெனாஃபில், டடாலாஃபில் போன்ற விறைப்பு மாத்திரைகளின் பக்கமே போகக்கூடாது. இரண்டும் சேர்ந்தால் ரத்த அழுத்தம் சரேலென்று இறங்கி உயிருக்கே ஆபத்தாகலாம். ‘மூலிகைதானே’ என்று விற்கும் பொடியும் வேண்டாம். அப்படிப்பட்ட சிலவற்றில் சில்டெனாஃபிலைக் கலந்திருந்தது சோதனைகளில் பிடிபட்டிருக்கிறது. மெட்டோப்ரோலால் போன்ற பீட்டா பிளாக்கரால் (இதயத்துடிப்பைக் குறைக்கும் மாத்திரை) சிலருக்கு விறைப்பு குறையலாம். அதற்காக மாத்திரையை நீங்களே நிறுத்திவிடாதீர்கள். மாற்றித் தர டாக்டரால் முடியும்.

5. முதல் முறை

வயிறு முட்டச் சாப்பிட்ட உடனே வேண்டாம், மதுவும் வேண்டாம். கைகளை ஊன்றி உடல் எடையைத் தாங்குவது நெஞ்செலும்பை இழுக்கும். ஒருக்களித்துப் படுப்பது எளிது. துணை மேலே இருந்தால் நெஞ்சில் சாயக்கூடாது. காலில் ரத்தக்குழாய் எடுத்த இடமும் வலிக்கலாம், ஒரு தலையணை வையுங்கள். பாதியில் நின்றுபோனாலும் பரவாயில்லை.

6. எப்போது நிறுத்துவது

நெஞ்சு இறுக்கம், மூச்சுத் திணறல், மயக்கம், அடங்காத படபடப்பு வந்தால் உடனே நிறுத்தி உட்காருங்கள். வலி விடவில்லையென்றால் 108. சில்டெனாஃபில் எடுத்து 24 மணி நேரமோ, டடாலாஃபில் எடுத்து 48 மணி நேரமோ ஆகாமல் இருந்தால் நாக்குக்கு அடியில் சார்பிட்ரேட் வைக்காதீர்கள். என்ன மாத்திரை, எத்தனை மணிக்கு எடுத்தீர்கள் என்பதை ஆம்புலன்ஸில் வருபவரிடம் கூச்சப்படாமல் சொல்லுங்கள்; அதை வைத்துத்தான் என்ன மருந்து கொடுப்பது என்று முடிவு செய்வார்கள்.