கணக்கு மாறிட்டுது என்று வட்ஸ்அப் வந்தால்

திருகோணமலையில் படகு எஞ்சினுக்குச் சாமான் எடுப்பவருக்கு, கொழும்புக் கடைக்காரரின் பெயரில் “கணக்கு இலக்கம் மாறிட்டுது, காசை இதில போடுங்கோ” என்று செய்தி வந்தால் உடனே போட வேண்டாம்.

அவரின் பழைய இலக்கத்துக்குச் சாதாரண அழைப்பு எடுங்கள். பேசிக்கொண்டே இருவரும் வட்ஸ்அப்பில் மற்றவரின் பெயரைத் தொட்டு ‘என்கிரிப்ஷன்’ (செய்தி மறையாக்கம்) பகுதிக்குப் போங்கள். 60 இலக்கங்கள் கொண்ட பாதுகாப்புக் குறியீடு, ஐந்தைந்தாக 12 தொகுதிகளாகத் தெரியும்; இருவர் போனிலும் அது ஒன்றாக இருக்க வேண்டும். ஒருவர் வாசிக்க மற்றவர் பார்க்கட்டும், முழுவதையும். அதைப் படமெடுத்து வட்ஸ்அப்பிலேயே அனுப்பிப் பயனில்லை: கணக்கைத் திருடியவனே பதில் தருவான்.

‘குறியீடு மாறியது’ என்று அறிவித்தல் வந்தால் அவர் புதுப் போன் வாங்கியிருக்கலாம், கணக்குப் பறிபோயும் இருக்கலாம், கேளுங்கள். குறியீடு பொருந்தினாலும் உறுதியாவது அந்த வட்ஸ்அப் அவரின் போனில் இருக்கிறது என்பது மட்டுமே. வங்கிக் கணக்கு இலக்கத்தை அதே அழைப்பில் அவர் வாயாலேயே சொல்லவைத்து ஒப்பிடுங்கள்.