ஒரே தீர்ப்பு, இரண்டு டிக்ரி: அப்பீலுக்கு முன் எண்ணிப் பாருங்கள்

குடியாத்தம் பக்கம் எங்கள் கிணற்றுப் பங்குக்காக அப்பா ஒரு வழக்கு போட்டார். வண்டிப்பாதையில் நாங்கள் கால் வைக்கக் கூடாது என்று பங்காளி பதிலுக்கு ஒன்று போட்டார். இரண்டிலும் கேள்வி ஒன்றுதான்: பாகப்பிரிவினைப் பத்திரத்தில் கிணறும் பாதையும் பொதுவில் விடப்பட்டதா? முன்சீப் கோர்ட் இரண்டையும் சேர்த்து விசாரித்து ஒரே தீர்ப்பு சொன்னது. எங்கள் வழக்கு தள்ளுபடி, அவருக்கு டிக்ரி (டிக்ரி என்றால் வழக்கின் முடிவைச் சொல்லும் முறையான கோர்ட் உத்தரவு).

நாங்கள் எங்கள் வழக்குக்கு மட்டும் அப்பீல் போட்டோம். சப் கோர்ட்டில் எதிர்தரப்பு வக்கீல் எழுந்தார். "பாதை வழக்கு டிக்ரி மேல் அப்பீலே இல்லை. அது இறுதியாகிவிட்டது. அதே கேள்வியை இங்கே மறுபடி கிளப்ப முடியாது" என்றார். இதற்குப் பெயர்தான் முன்தீர்ப்புத் தடை, சிவில் நடைமுறைச் சட்டம் 11-ஆம் பிரிவு. அப்பாவின் முகம் அன்று எப்படி ஆனது என்பது எனக்கு இன்னும் கண்ணில் நிற்கிறது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

முதல் வேலை: தீர்ப்பின் முதல் பக்கத்தில் எத்தனை ஓ.எஸ். நம்பர் (அசல் வழக்கு எண்) இருக்கிறது என்று பாருங்கள். அப்பீல் டிக்ரி மேல்தான் போகும். இரண்டு நம்பர் என்றால் இரண்டு டிக்ரி. உங்களுக்கு எதிரான ஒவ்வொன்றுக்கும் தனி அப்பீல், தனி கோர்ட் கட்டணம். தீர்ப்பு நகல் மட்டும் ஒன்று போதும் என்று அப்பீல் கோர்ட் அனுமதிக்கலாம்.

இரண்டாவது, நகல் மனு. நாங்கள் சறுக்கியது இங்கேதான். எங்கள் நம்பரை மட்டும் எழுதி மனு போட்டோம். வந்த தீர்ப்பில் இரண்டு வழக்கும் இருந்ததால் எல்லாம் வந்துவிட்டது என்று நினைத்தோம். பாதை வழக்கின் டிக்ரி நகல் வரவே இல்லை, யாரும் தேடவும் இல்லை. இரண்டு நம்பருக்கும் ஒரே நாளில் நகல் மனு போடுங்கள். நகலில் மனு போட்ட தேதி, கட்டணம் கட்டிய தேதி, நகல் தயாரான தேதி என்று முத்திரை இருக்கும். அதைப் பத்திரமாக வையுங்கள். முன்சீப் கோர்ட்டிலிருந்து சப் கோர்ட்டுக்கு அப்பீல் போட 30 நாள், ஹைகோர்ட்டுக்கு என்றால் 90 நாள். நகல் வாங்கப் பிடித்த நாட்களை இந்தத் தேதிகளை வைத்துத்தான் கழிப்பார்கள்.

மூன்றாவது, இரண்டு அப்பீலையும் சேர்த்து விசாரிக்க மனு கொடுங்கள். இ-கோர்ட்ஸ் செயலியில் இரண்டின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணையும் (ஒவ்வொரு வழக்குக்கும் கோர்ட் தரும் தனி அடையாள எண்) சேமியுங்கள். குமாஸ்தா போனில் சொல்லும் வாய்தாவை விட நான் அதைத்தான் நம்புவேன்.

நாள் தாண்டிவிட்டதா? காலவரையறைச் சட்டம் 5-ஆம் பிரிவில் தாமத மன்னிப்பு கேட்கலாம். பாதை வழக்கு அப்பீலுக்கு நாங்கள் 163 நாள் தாமதத்துக்கு அபிடவிட் (சத்தியப் பிரமாண வாக்குமூலம்) போட்டோம். நகல் மனுவில் நேர்ந்த பிழையை மறைக்காமல் எழுதினோம். செலவுத் தொகை கட்டச் சொல்லி அனுமதித்தார்கள். எல்லாருக்கும் கிடைக்கும் என்று நம்பி உட்கார வேண்டாம்.

பின்சேர்க்கை: ஆம்பூரிலிருந்து ஒருவர், "நரஹரி வழக்கில் ஒரு அப்பீல் போதும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறதே" என்று கேட்டிருந்தார். அங்கே இருந்தது ஒரே வழக்கு. அதில் ஒரே தீர்ப்பிலிருந்து இரண்டு டிக்ரி வந்தது. வழக்கே இரண்டு என்றால் கதை வேறு. புதுச்சேரியிலிருந்து போன ஸ்ரீ கங்கை விநாயகர் கோயில் வழக்கில் மூன்று வழக்குக்குப் பொதுத் தீர்ப்பு. ஒன்றில் மட்டும் அப்பீல் போட்டதால் மற்றவை தடையாக வந்து நின்றன.

இன்னொரு பின்சேர்க்கை: இரண்டு அப்பீலும் போட்டால் மட்டும் போதாது. 1966-இல் ஷியோதான் சிங் வழக்கில், ஒரு அப்பீல் காலம் கடந்ததென்றும், இன்னொன்று ஆவணம் அச்சிட ஏற்பாடு செய்யவில்லை என்றும் தள்ளுபடியாயின. அதுவே மீதி அப்பீல்களுக்கு முன்தீர்ப்புத் தடையானது. எங்கள் பங்காளி போன மாசியில் காலமானார். வாரிசுகளைச் சேர்க்கும் மனுவை 90 நாளுக்குள், இரண்டு அப்பீலிலும் தனித்தனியாகப் போட்டோம்.