மயக்கும் வேற்றுக்கிரக உயிர்: கதை சறுக்கும் இடங்கள்

வேற்றுக்கிரக உயிர் ஆளை மயக்கிக் கொல்லும் திகில் கதையில் பலரும் முதல் பத்தியிலேயே அதற்கு மல்லிகைப்பூவும் வெள்ளைப் புடவையும் கொடுத்துவிடுகிறார்கள். அப்புறம் அது விண்கலத்தில் வந்து இறங்கினாலும் மோகினிப் பேய்தான்.

இரை பிடிக்க அழகு வேண்டியதில்லை. போலாஸ் சிலந்தி பெண் அந்துப்பூச்சியின் வாசனையை உண்டாக்கி ஆண் பூச்சிகளை வரவழைக்கிறது. வருவதும் ஒருசில இனத்து ஆண்கள்தான். ஊரே ஒரே நேரத்தில் மயங்குவதாக எழுதுவது அடுத்த தவறு. யாருக்கு எது குறையோ அதைத் தூண்டிலாக்குங்கள்.

கதை வேலூரில் நடந்தால் அந்தக் குறையைத் தேடி அலைய வேண்டாம். கத்திரி வெயில், 40 டிகிரிக்கு மேல். பகலெல்லாம் குடித்த சூட்டை மலைப்பாறை ராத்திரியில் கக்கும். சத்துவாச்சாரியில் கரண்ட் போன இரவு, தண்ணீர் தெளித்தும் அனல் அடங்காத மொட்டை மாடியில் ஒருவன் பாய் விரித்துப் படுக்கிறான். புறங்கையில் ஜில்லென்று ஏதோ படுகிறது. கையை இழுத்துக்கொள்ள மாட்டான். இன்னும் கொஞ்சம் நகர்ந்து படுப்பான். அந்த உயிருக்கு உணவே வெப்பம்தான் என்று வைத்துக்கொண்டால் தூண்டிலும் பசியும் ஒன்றாகிவிடும். அழகால் இழுத்துப் பல்லால் கடிக்கும் கதைகள் நொண்டுவது இந்த இடத்தில்தான்.

சாவையும் அதே கணக்கில் எழுதுங்கள். அலறலும் ரத்தமும் வேண்டாம். உடம்பின் உள்வெப்பம் 37 டிகிரியிலிருந்து இறங்கும்போது முதலில் நடுக்கம். 35க்குக் கீழே போகப்போக நாக்குக் குழறும், புத்தி தடுமாறும். ஏறக்குறைய 32க்குக் கீழே நடுக்கம் நின்றுவிடும். பிழைத்துவிட்டான் என்று வாசகர் மூச்சு விடும் இடம் அது, அவசரப்பட்டுக் கடந்துவிடாதீர்கள். கடைசிக் கட்டத்தில் சிலருக்குப் புழுங்குவதுபோலத் தோன்றி, உடுத்திய துணியைக் கழற்றிப் போடுவார்கள். பனியில் விறைத்துச் செத்தவர்களை அந்தக் கோலத்தில் கண்டெடுத்திருக்கிறார்கள். மே மாத வேலூரில் சட்டையைக் கழற்றுபவனை யார் சந்தேகப்படப் போகிறார்கள்?

ஆஸ்பத்திரிக் காட்சி வைத்தால், சாதாரண பாதரசத் தெர்மாமீட்டரில் 35க்குக் கீழே கோடே கிடையாது என்பதைப் பயன்படுத்துங்கள். கருவி கெட்டுவிட்டது என்றுதான் நர்ஸ் நினைப்பார்.

அந்த உயிர் பேசியே தீர வேண்டுமென்றால் அவன் சொன்னதையே திருப்பிச் சொல்லட்டும். "இங்க ஜில்லுனு கீது" என்று அவன் முனகினால், சற்று நேரம் கழித்து அதே "கீது" இருட்டிலிருந்து வரட்டும். பிரபஞ்ச ரகசியம் பேசும் வசனங்களை அடித்துவிடலாம்.

ஜவ்வாது மலைக் காவலூர் வானாய்வகத்தைக் கதைக்குள் இழுப்பவர்களுக்கு: அங்குள்ள 2.34 மீட்டர் வைணு பாப்பு தொலைநோக்கி வாங்குவது ஒளியை, ரேடியோ சிக்னல் அதில் வராது. குழாயில் கண்ணை வைத்து அலறும் விஞ்ஞானியும் வேண்டாம். பதிவு கருவிகளில் நடக்கிறது, திரையில்தான் பார்ப்பார்கள். கதை வடகிழக்குப் பருவமழையில் நடந்தால், மேகம் மூடிய இரவில் கூரையைத் திறப்பதே இல்லை.