சிரிப்புக்கு விளக்கம் சொல்லப்போய்ச் சறுக்கும் இடங்கள்

நகைச்சுவையின் தத்துவம் பற்றி எழுதுபவர்களும் மேடையில் பேசுபவர்களும் பெரும்பாலும் முதல் பத்தியிலேயே ஒரு தவறு செய்துவிடுகிறார்கள். சிரிப்பும் நகைச்சுவையும் ஒன்றுதான் என்று வைத்துக்கொண்டு கிளம்பிவிடுகிறார்கள். பின்னால் வரும் குழப்பங்களில் பாதி இதிலிருந்து முளைப்பவை.

சிரிப்பு உடம்பில் நடப்பது. மூச்சு துண்டு துண்டாக வெளியேறும், முகத்தசை இழுபடும், சத்தம் வரும். கிச்சுகிச்சு மூட்டினாலும் வரும், சங்கடத்திலும் வரும், சிலவகை வலிப்பு நோயிலும் வரும். நகைச்சுவையோ ஒன்றை வேடிக்கையாகக் காண்பது. படுத்துக்கொண்டு புத்தகம் வாசிக்கும்போது உதடுகூட அசையாமல் அதை அனுபவிக்கலாம். அமெரிக்க நரம்பியல் ஆய்வாளர் ராபர்ட் புரொவைன், பொது இடங்களில் மக்களின் இயல்பான பேச்சுக்கு நடுவே வந்த 1,200 சிரிப்புகளைக் குறித்துவைத்து ஆராய்ந்தார். அவற்றுக்குச் சற்று முன் சொல்லப்பட்ட பேச்சில் ஜோக் என்று சொல்லத்தக்கவை 10 முதல் 20 சதவீதம்தான். மற்றதெல்லாம் 'சரி, அப்புறம் பார்க்கலாம்' ரகம். அதோடு, கேட்பவரைவிடப் பேசுபவரே அதிகம் சிரித்தார். ஜோக்கை மட்டும் பிரித்துப் பார்த்துச் சிரிப்பை விளக்க முயல்பவர் பெரும்பகுதியை வெளியே விட்டுவிடுகிறார்.

இந்தக் குழப்பத்துக்கு நல்ல உதாரணம் 1962-இன் டாங்கனிகா. 'யாரோ ஒரு ஜோக் சொல்ல, ஊரே மாதக்கணக்கில் விழுந்து விழுந்து சிரித்தது' என்று இதை இன்றும் பரப்புகிறார்கள். இன்றைய டான்சானியாவில் புகோபாவுக்கு அருகே கஷாஷா என்ற ஊரில், பெண்கள் விடுதிப் பள்ளியொன்றில் அந்த ஆண்டு ஜனவரி 30-ஆம் தேதி அது தொடங்கியது. 159 மாணவிகளில் 95 பேரைப் பிடித்தது. சிரிப்போடு அழுகையும் தவிப்பும், சில சமயம் அடிதடியும் சேர்ந்தே வந்தன. மார்ச்சில் பள்ளியை மூட வேண்டியதாயிற்று. மன அழுத்தம் கூட்டமாக உடலில் வெளிப்பட்ட நோய் அது. அந்தப் பிள்ளைகளுக்கு அதில் வேடிக்கை எதுவும் இருந்ததாகத் தெரியவில்லை.

இந்த வேறுபாட்டில் தொல்காப்பியம் நம்மைவிடக் கவனமாக இருக்கிறது. மெய்ப்பாட்டியலில் எண்வகை மெய்ப்பாடுகளில் (உடலில் வெளிப்படும் உணர்ச்சிகளில்) நகை முதலில் வருகிறது, உவகை கடைசியில் வருகிறது. மகிழ்ச்சிக்குத் தனி இடம் கொடுத்துவிட்டு, நகைக்கு எள்ளல், இளமை, பேதைமை, மடன் (மடமை) என்று நான்கு நிலைக்களன்களை, அதாவது அது பிறக்கும் இடங்களை, சொல்கிறது. 'சிரிப்பு என்றால் மகிழ்ச்சி' என்று தொடங்கும் கட்டுரைகள் இந்தச் சூத்திரத்தையே மேற்கோளாகக் காட்டுவதும் உண்டு. அது ஏன் என்று எனக்குப் புரிந்ததில்லை.

அடுத்த தவறு பாடப்புத்தகங்கள் கற்றுக்கொடுத்தது. நாம் மேல் என்று நினைப்பதால் சிரிக்கிறோம் என்பது உயர்வு மனப்பான்மைக் கோட்பாடு, எதிர்பார்ப்போடு ஒன்று பொருந்தாமல் போவதால் என்பது பொருத்தமின்மைக் கோட்பாடு, தேங்கிய இறுக்கம் வெளியேறுவதால் என்பது இறுக்கம் தளர்தல் கோட்பாடு என்று மூன்று பெயர்கள். இவற்றை ஒரே தொகுதியில் நிற்கும் மூன்று வேட்பாளர்களைப் போல வைத்து, எது ஜெயிக்கும் என்று கேட்கிறார்கள். உண்மையில் இந்தக் கோட்பாடுகளோடு சேர்த்துச் சொல்லப்படும் தத்துவவாதிகள் ஒரே கேள்விக்குப் பதில் சொல்லவில்லை. பிளேட்டோ கவலைப்பட்டது, நாட்டைக் காப்பவர்கள் கட்டுப்பாடு இழந்து சிரிக்கலாமா என்று. ஆங்கிலேயத் தத்துவவாதி ஹெர்பர்ட் ஸ்பென்சர் 1860-இல் கேட்டது, மனதில் தேங்கும் நரம்புச் சக்தி ஏன் குறிப்பாகச் சிரிக்கும்போது அசையும் தசைகள் வழியே வெளியேறுகிறது என்று. ஸ்பென்சரை 'இறுக்கம் தளர்தல்' பெட்டியில் போட்டுப் பூட்டுவார்கள். ஆனால் பெரியதை எதிர்பார்த்த மனம் சட்டென்று சிறியதில் போய் விழும் பொருத்தமின்மைதான் சிரிப்பைக் கிளப்புகிறது என்றும் அதே கட்டுரையில் அவர் எழுதியிருக்கிறார். 'பொருத்தமின்மை' பெட்டியில் இருக்கும் ஜெர்மன் தத்துவவாதி கான்ட், 1790-இல் சிரிப்பைப் பற்றிச் சொன்னது, முறுக்கேறி நின்ற எதிர்பார்ப்பு திடீரென ஒன்றுமில்லாமல் போகும்போது எழும் உணர்ச்சி என்று. இதில் இறுக்கமும் இருக்கிறது, தளர்வும் இருக்கிறது. பெட்டிகளைத் தேர்வுக்குப் படிப்பவர்கள் வைத்துக்கொள்ளட்டும். மூலத்தை வாசிப்பவர்களுக்கு அவை இடைஞ்சல்தான்.

அதிகமாகச் சிதைக்கப்பட்டவர் ஆங்கிலேயத் தத்துவவாதி தாமஸ் ஹாப்ஸ். 'அடுத்தவனைவிட நாம் மேல் என்ற எண்ணமே சிரிப்பு என்றார் ஹாப்ஸ்' என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். 1651-இல் அவர் எழுதியது 'திடீர்ப் பெருமிதம்' பற்றி. அதற்கு அவர் இரண்டு காரணங்கள் சொல்கிறார். நாமே சட்டென்று செய்த ஒன்று நமக்குப் பிடித்துப்போவது ஒன்று. மற்றவரிடம் ஒரு குறையைக் கண்டு, அதோடு ஒப்பிட்டு நம்மை நாமே மெச்சிக்கொள்வது மற்றொன்று. முதல் காரணத்தை யாரும் சொல்வதில்லை. இதைவிடப் பெரிய விடுபடல் அடுத்த வரிகளில் இருக்கிறது. பிறர் குறையைப் பார்த்து அதிகம் சிரிப்பவர்கள் தம் திறமையில் நம்பிக்கை குறைந்தவர்கள் என்றும், அது அற்ப மனதின் அடையாளம் என்றும், பெரிய மனம் கொண்டவர்கள் பிறரை ஏளனத்திலிருந்து விடுவிக்க உதவுவார்கள் என்றும் அவர் எழுதுகிறார். கேலி செய்பவர்களுக்கு ஹாப்ஸ் வக்காலத்து வாங்கவில்லை.

சரி, அவர் கோட்பாடு முழுமையானதா? இல்லை. 18-ஆம் நூற்றாண்டில் தத்துவவாதி ஹட்சிசன் கேட்டது எளிய கேள்வி: சிப்பியைவிட நாம் எல்லா வகையிலும் மேல், சிப்பியைப் பார்த்து யாராவது சிரிக்கிறோமா? கான்ட் சொல்லும் ஒரு கதையும் இங்கே உதவும். சூரத்தில் ஓர் ஆங்கிலேயர் வீட்டு விருந்தில் பீர் பாட்டிலைத் திறக்கிறார்கள், நுரை பொங்கி வழிகிறது. பார்த்துக்கொண்டிருந்த இந்தியர் ஆச்சரியத்தில் கூவுகிறார். இதில் என்ன அதிசயம் என்று கேட்டால், 'வெளியே வருவது அதிசயமில்லை, இத்தனையையும் உள்ளே எப்படி அடைத்தீர்கள் என்பதுதான்' என்கிறார். கதையில் காலனிய வாடை அடிக்கிறது என்பது வேறு விஷயம். ஆனால் அந்த ஆளைவிட நாம் புத்திசாலிகள் என்று நினைப்பதால் இதற்குச் சிரிக்கவில்லை என்று கான்ட் வெளிப்படையாகவே சொல்கிறார்.

தொல்காப்பியத்தின் நான்கில் எள்ளலும் பேதைமையும் மடனும் ஹாப்ஸோடு ஓரளவு ஒத்துப்போகும். இடிப்பது இளமை. மழலை பேசும் குழந்தையைப் பார்த்துச் சிரிக்கும்போது நாம் அதைவிட மேல் என்பது உண்மைதான், ஆனால் அந்தச் சிரிப்பில் இருப்பது பெருமிதம் என்று எந்தத் தாயும் ஒப்புக்கொள்ளமாட்டாள். எள்ளலிலும் ஒரு நுட்பம் இருக்கிறது. தொல்காப்பியத்துக்கு உரை எழுதிய, பேராசிரியர் என்ற பெயருடைய பழைய உரையாசிரியர் எள்ளலை இரண்டாகக் கொள்கிறார்: தான் பிறரை எள்ளிச் சிரிப்பது, பிறர் தன்னை எள்ளும்போது தானே சிரிப்பது. நண்பர்கள் ஓட்டும்போது நாமும் சேர்ந்து சிரிக்கிறோமே, அது இரண்டாவது வகை. அதை உயர்வு மனப்பான்மையால் விளக்குவது கடினம்.

இதனால் சிலர் எதிர்ப்பக்கம் போய், பொருத்தமில்லாத எதுவும் சிரிப்பு மூட்டும் என்று தீர்மானித்துவிடுகிறார்கள். ஸ்காட்லாந்தின் அலெக்சாண்டர் பெய்ன் 1859-இலேயே இதற்கு மறுப்பாக ஒரு பட்டியல் போட்டார்: சுருதி சேராத வாத்தியம், தைலத்தில் விழுந்த ஈ, மே மாதத்தில் பனி. எல்லாம் பொருந்தாதவைதான், யாரும் சிரிப்பதில்லை. அரிசிப் பானைக்குள் பாம்பு இருந்தாலும் அப்படித்தான். ஆபத்தில்லை என்ற உணர்வும் கூட வேண்டும். அரிஸ்டாட்டில் அன்றே நகைப்புக்குரியதை, வலியோ அழிவோ தராத பிழை என்று வரையறுத்தார்.

'வாய்விட்டுச் சிரித்தால் நோய்விட்டுப் போகும்' பற்றி நீட்டி முழக்க வேண்டியதில்லை. அமெரிக்கப் பத்திரிகையாளர் நார்மன் கசின்ஸ் நகைச்சுவைப் படங்கள் பார்த்து முதுகெலும்பு நோயிலிருந்து மீண்ட கதையை எல்லோரும் சொல்வார்கள். அவர் கூடவே அதிக அளவில் வைட்டமின் சி எடுத்துக்கொண்டதை விட்டுவிடுவார்கள். எப்படிப் பார்த்தாலும் ஒரு மனிதரின் அனுபவம் சிகிச்சைக்கு ஆதாரம் ஆகாது. சிரித்த பிறகு வலி தாங்கும் திறன் சற்றுக் கூடுகிறது என்று சோதனைகள் காட்டியிருக்கின்றன, அந்த அளவோடு நிறுத்திக்கொள்ளலாம். 'இடுக்கண் வருங்கால் நகுக' என்ற குறளையும் இங்கே இழுக்க வேண்டாம். அது இடுக்கண் அழியாமை அதிகாரத்தில் இருக்கிறது, மன உறுதியைப் பற்றிப் பேசுகிறது.

கடைசியாக, சமூக வலைதளச் சண்டைகளில் தினமும் பார்க்கும் தவறு. 'இது புண்படுத்துகிறது, ஆகவே இது நகைச்சுவையே இல்லை' என்பது ஒரு தரப்பு. 'எல்லோரும் சிரித்தார்கள், ஆகவே இதில் தப்பில்லை' என்பது இன்னொரு தரப்பு. ஜஸ்டின் டார்ம்ஸ், டேனியல் ஜேக்கப்சன் என்ற இரு தத்துவவாதிகள் 2000-இல் முதல் வகை வாதத்தை ஒரு தர்க்கப் பிழையாகவே அடையாளம் காட்டினார்கள். ஒன்று வேடிக்கையாக இருக்கிறதா என்பது ஒரு கேள்வி, அதற்குச் சிரிப்பது சரியா என்பது வேறொரு கேள்வி என்பது அவர்கள் வாதம். நிறத்தையும் உடம்பையும் வைத்து வந்த நம் பழைய திரைப்பட நகைச்சுவைக் காட்சிகளை எடுத்துக்கொள்ளுங்கள். அவற்றில் சிலவற்றின் நேரக்கணக்கும் முகபாவமும் இன்றும் அபாரமாக இருக்கின்றன. அதை மறுத்தால், விமர்சனம் செய்பவர் காட்சியைப் பார்க்கவே இல்லை என்றுதான் ரசிகர் நினைப்பார், பிறகு அவர் சொல்லும் எதையும் காதில் வாங்கமாட்டார். சிரிப்பு வந்ததை ஒப்புக்கொண்டு, அந்தக் காட்சி யாருடைய செலவில் ஓடியது என்று கேட்டால், பதில் சொல்லாமல் நழுவுவது ரசிகருக்குச் சிரமம்.