பணி வழக்கை எந்த ஊரில் தொடுப்பது: தவிர்க்க வேண்டிய தவறுகள்

என்னிடம் பயிலும் இளம் வழக்கறிஞர் ஒருவர் சென்ற வாரம் கொண்டுவந்த வரைவு மனுவின் இரண்டாம் பத்தியில், "இவ்வழக்கு இத்தீர்ப்பாயத்தின் அதிகார வரம்புக்கு உட்பட்டது" என்ற ஒற்றை வரியைத் தவிர வேறொன்றும் இல்லை. தொழிலுக்கு வந்த புதிதில் நானும் அதே வரியை எழுதிப் பட்டவன். கட்டணக் குறைவு, பக்க எண் போன்ற பிழைகளைப் பதிவகமே சுட்டிக்காட்டித் திருப்பிவிடும்; வழக்குக்கு எண் விழுந்த பிறகு தலைதூக்கும் தவறுகளைப் பற்றியே இங்கு எழுதுகிறேன்.

வீட்டு முகவரியை நம்புவது

மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் 1987ஆம் ஆண்டு நடைமுறை விதிகளில் 6ஆவது விதி தெளிவானது. மனுதாரர் தற்போது பணிபுரியும் இடமோ, வழக்கு மூலம் (அதாவது வழக்குக்குக் காரணமான நிகழ்வுகள்) முழுமையாகவோ பகுதியாகவோ எழுந்த இடமோ எந்த அமர்வின் எல்லைக்குள் வருகிறதோ, அங்குதான் மனு தாக்கல் செய்ய வேண்டும். வசிக்கும் ஊரைத் தேர்ந்துகொள்ளும் உரிமை ஓய்வு, பணிநீக்கம் போன்றவற்றால் பணியிலிருந்து வெளியேறியவர்களுக்கு மட்டுமே உண்டு.

என் கட்சிக்காரர் பாலக்காட்டில் பணியில் இருந்தார், குடும்பம் கோயம்புத்தூரில். ஊதிய உயர்வை நிறுத்தித் திருவனந்தபுரத்தில் பிறந்த தண்டனை ஆணையின் மீது அவர் செய்த மேல்முறையீடு தள்ளுபடியாகி, அந்த ஆணை கோயம்புத்தூர் வீட்டுக்குத் தபாலில் வந்தது. தபால் வந்த ஊர் தமிழ்நாட்டில் இருப்பதால் சென்னை அமர்வே போதும் என்று நான் தாக்கல் செய்தேன். பதினான்கு மாதங்கள் கழித்து, எர்ணாகுளம் அமர்வை அணுகுமாறு மனு திருப்பித் தரப்பட்டது. இறுதி ஆணையிலிருந்து ஓராண்டு என்ற காலவரம்பு அதற்குள் கடந்திருந்ததால், தாமத மன்னிப்பு மனுவோடு எல்லாவற்றையும் புதிதாகத் தொடங்க நேர்ந்தது.

இன்றும் என்னை எரிச்சலூட்டுவது வேறொன்று. குற்றச்சாட்டுக் குறிப்பாணையின் மூன்றாம் குற்றச்சாட்டு, அவர் சேலத்தில் பணியாற்றிய காலத்துச் சம்பவம் ஒன்றைப் பற்றியது. வழக்கு மூலத்தின் ஒரு பகுதி தமிழ்நாட்டில் எழுந்தது என்று வாதிட அது இடம் தந்திருக்கும். நானோ அதை மனுவில் எழுதவேயில்லை. விசாரணை நாளில் வாய்மொழியாகச் சொன்னபோது, "மனுவில் எங்கே இருக்கிறது?" என்ற கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை.

கடிதம் பெற்ற ஊரே போதும் என்பவர்கள் 2014ஆம் ஆண்டின் நவல் கிஷோர் சர்மா தீர்ப்பை நீட்டுவார்கள். உடல்தகுதியற்றவர் என்று அறிவிக்கப்பட்டுக் கயாவுக்குத் திரும்பிய கப்பல் பணியாளர் அங்கிருந்து கோரிக்கைகள் அனுப்பி, மறுப்பையும் அங்கேயே பெற்றார் என்ற பின்னணியில்தான் பாட்னா உயர் நீதிமன்றத்தின் அதிகாரத்தை உச்ச நீதிமன்றம் ஏற்றது. எதிர்த்தரப்பு 2004ஆம் ஆண்டின் குசும் இங்காட்ஸ் தீர்ப்பை எடுக்கும்: வழக்கு மூலத்தின் சிறு துண்டு ஓர் உயர் நீதிமன்றத்தின் எல்லைக்குள் எழுந்தாலும், அதுவே முடிவானதன்று. ஆகவே எந்த நாளில், எந்த ஊரில், எந்த அலுவலகத்தில் என்ன நடந்தது என்பதை அந்த இரண்டாம் பத்தியிலேயே எழுதுங்கள்.

தலைமையகம் டெல்லியில் என்பதால் டெல்லிக்கு ஓடுவது

இது பழைய காலத்து அச்சம். டெல்லியில் இருந்த தேர்தல் ஆணையத்துக்குச் சென்னை உயர் நீதிமன்றம் நீதிப்பேராணை பிறப்பிக்க இயலாது என்று 1953இல் உச்ச நீதிமன்றம் கூறியது உண்மைதான். 1963ஆம் ஆண்டின் 15ஆவது அரசமைப்புத் திருத்தம் வழக்கு மூலத்தையும் அளவுகோலாக்கி அந்தச் சிக்கலைத் தீர்த்துவிட்டது. அரசமைப்பின் இன்றைய 226(2) உட்பிரிவு அதுவே.

தீர்ப்பாயத்தைத் தாண்டி நேரே உயர் நீதிமன்றம்

முதலில் தீர்ப்பாயத்தையே அணுக வேண்டும் என்று சொன்ன 1997ஆம் ஆண்டின் சந்திர குமார் தீர்ப்பைப் படியுங்கள்.

எதிர்மனுதாரர் தரப்பில் ஆட்சேபத்தை ஒத்திப்போடுவது

அதிகார வரம்பு பற்றிய ஆட்சேபத்தை முதல் பதிலுரையிலேயே எழுதுங்கள்.

மதுரைக் கிளையை மறப்பது

தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் கலைக்கப்பட்டபின் மாநில அரசு ஊழியர்கள் உயர் நீதிமன்றத்துக்கே வருகிறார்கள். 2004 ஜூலையில் தொடங்கிய சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குத் தஞ்சாவூர் மாவட்ட வழக்குகள் போகும், திருவாரூர் வழக்குகள் போகா.