தாண்டிக்குடி கல்திட்டைகளுக்குச் சைக்கிளில்: சிறு குழுவை அழைத்துப்போகும் முறை

குழுவுக்கு எட்டுப் பேர், வழிகாட்டிகள் இருவர். இந்த எண்ணிக்கையை முடிவுசெய்துவிட்டுத்தான் வண்டி, தங்குமிடம், சாப்பாடு என்று மற்ற ஏற்பாடுகளுக்குப் போக வேண்டும். கல்திட்டை என்பது பலகைக் கற்களை நிறுத்தி மேலே மூடுகல் வைத்த பழங்கால ஈமச் சின்னம். திண்டுக்கல் மாவட்டத்தில், தாண்டிக்குடி இருக்கும் கீழ்ப்பழனி மலையின் கல்திட்டைகள் பல, பாறைச் சரிவின் மேல், சுற்றிலும் கல் அடுக்கிய மேடையோடு நிற்பவை. மேடையை மிதிக்காமல் ஒரு திட்டையைச் சுற்றி நின்று உள்ளே பார்க்க எட்டுப் பேருக்கு இடம் போதும். பன்னிரண்டு பேர் போனால், பின்வரிசையில் நிற்பவர் படம் எடுக்க மேடைமேல் ஏறிவிடுவார். சேதம் அங்கேதான் தொடங்குகிறது.

ஏன் என்பதைக் குழுவுக்குக் கிளம்பும் முன்பே சொல்லிவிடுங்கள். கீழே வெறும் பாறை என்பதால் பலகைக் கற்களை ஆழமாகக் குழிதோண்டி நட வழியில்லை. வெளிப்பக்கம் அணைத்துக் கொட்டிய உடைகல்லும் மண்ணும்தான் அவற்றை நிமிர்த்திப் பிடித்திருக்கின்றன. அந்த உடைகல் காலடியில் உருண்டு வெளியேறினால் பக்கப் பலகை சாயும். பலகை சாய்ந்தால் மூடுகல் இறங்கும். 2 மீட்டர் நீளம், 1.5 மீட்டர் அகலம், 15 சென்டிமீட்டர் தடிமன் உள்ள மூடுகல்லைக் கணக்குப் போட்டுப் பாருங்கள்: 0.45 கன மீட்டர். இந்த மலைப்பாறை ஒரு கன மீட்டருக்கு ஏறத்தாழ 2.7 டன் கனக்கும். ஆக, உட்கார்ந்து படம் எடுக்க ஆசைப்படும் அந்தக் கல் 1.2 டன். அதன் மேல் ஏறவும் கூடாது, அடியில் நுழையவும் கூடாது.

ஊரார் இவற்றைப் பாண்டவர் வீடு என்பார்கள், குள்ளர் வீடு என்பார்கள். உண்மையில் இவை இரும்புக் காலத்து மக்கள் இறந்தவர்களுக்காக எழுப்பிய ஈமச் சின்னங்கள். தரைக்கு மேல் தெரிவது கல்திட்டை, மண்ணுக்குள் பெட்டிபோல் புதைந்திருப்பது கற்பதுக்கை, சுற்றிலும் உருண்டைக் கல் வைத்தது கல்வட்டம். ஆங்லாட், நியூட்டன் என்ற இரு சேசு சபைப் பாதிரியார்கள் மலை முழுக்க அலைந்து இவற்றைப் பதிவுசெய்தார்கள். அவர்களின் அறிக்கையை இந்தியத் தொல்லியல் துறை 1928-இல் வெளியிட்டது. கொடைக்கானல் பக்கம் தங்குகிற குழு என்றால் செண்பகனூர் அருங்காட்சியகத்துக்கு ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள். இந்தச் சின்னங்களில் கிடைத்த பொருள்களை முதலில் அங்கே பார்த்துவிட்டு வருகிறவர்கள், காலியாக நிற்கும் கற்பெட்டியை வேறு கண்ணோடு பார்ப்பார்கள்.

காலம்: ஜனவரி முதல் மார்ச் வரை. பழனி மலைக்கு வடகிழக்குப் பருவமழைதான் பெருமழை. அக்டோபரிலிருந்து டிசம்பர் வரை பாறையில் பாசி வழுக்கும், சோலையோரம் அட்டை ஏறும், சாலையில் மண் சரிந்து கிடக்கும். ஏப்ரல், மே மாதங்களில் மலைச்சாலையில் கார்களின் வரிசை நீளும். சைக்கிளுக்கு ஏற்ற நேரம் அதுவல்ல.

வழி. கொடைரோடு ரயில் நிலையத்தில் இறங்கி வத்தலக்குண்டு வந்து சேருங்கள். அங்கிருந்து சைக்கிள்களை வேனில் ஏற்றிக் கொடைக்கானல் சாலையில் ஊத்து வரை போவது எங்கள் பரிந்துரை. இந்தச் செங்குத்தான ஏற்றத்தைக் காலையில் மிதித்து முடித்தவருக்குக் கல்லைப் பார்க்கும் பொறுமை மிச்சமிருக்காது. ஊத்திலிருந்து பண்ணைக்காடு வழியாகத் தாண்டிக்குடி வரை, காபித் தோட்டங்களுக்கும் மலைவாழைக்கும் மிளகுக்கொடிக்கும் நடுவே ஏறியும் இறங்கியும் போகும் சாலைதான் மிதிக்க வேண்டியது. முதல் இரவு தாண்டிக்குடியில். மறுநாள் பெரும்பாறை, சித்தரேவு வழியாக வத்தலக்குண்டுக்கு இறக்கம். வேன் இரண்டு நாளும் பின்னால் வர வேண்டும். அது கொடைக்கானல் வரை போவதாக இருந்தால் இ-பாஸ் முன்கூட்டியே எடுத்துவிடுங்கள். 2024 மே மாதத்திலிருந்து வெளி வாகனங்களுக்கு அது கட்டாயம். சிறிய பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டில்களுக்கு மலையில் தடை உள்ளது. ஆளுக்கு ஒரு லிட்டர் உலோகப் பாட்டில் இரண்டு, வேனில் 20 லிட்டர் கேன் ஒன்று என்று வைத்துக்கொண்டால் சரியாக இருக்கும்.

அனுமதிதான் பலர் கோட்டைவிடும் இடம். திட்டைகளில் பல பட்டா நிலத்தில், காபித் தோட்டத்துக்குள் நிற்கின்றன. தோட்டக்காரரிடம் ஒரு வாரம் முன்பே கேளுங்கள்; எத்தனை பேர், எத்தனை மணிக்கு, எந்தப் பாதையில் என்று சொல்லுங்கள். காபிப் பழம் பறிக்கும் பருவமும் இதே மாதங்களில் வருவதால், காயப்போட்ட களத்தின் குறுக்கே சைக்கிள் போகக் கூடாது. காட்டு எல்லைக்குள் இருக்கும் திட்டை என்றால் வனத்துறை அனுமதி இல்லாமல் காலே வைக்க வேண்டாம். வழிகாட்டிகள் இருவரில் ஒருவர் கண்டிப்பாக உள்ளூர்க்காரராக இருக்கட்டும். எந்த வளைவில் நேற்று யானை நின்றது என்பது அவருக்குத்தான் தெரியும்.

இனி வண்டி. மலைச் சைக்கிளோ ஹைபிரிட்டோ, டிஸ்க் பிரேக் இருக்க வேண்டும். ரிம் பிரேக்கை நீண்ட இறக்கத்தில் விடாமல் பிடித்தால் ரிம் சூடேறி, உள்ளே டியூப் வெடிக்கும். பிரேக் பேடில் தேயும் பகுதி ஒரு மில்லிமீட்டருக்குக் கீழே போயிருந்தால் கிளம்பும் முன்பே மாற்றுங்கள். இறக்கத்தின் பாதியில் பேட் தீர்ந்துபோனால் இரும்பு இரும்பைத் தேய்க்கும், பிடிமானம் போய்விடும். முன் பற்சக்கரத்தில் 32 பல், பின்னால் பெரிய பற்சக்கரத்தில் 42 பல் இருந்தால் பழக்கமில்லாதவரும் இந்தச் சாலையில் ஏறிவிடுவார். இரண்டு அங்குல டயருக்குக் காற்று 35 முதல் 40 பி.எஸ்.ஐ. போதும். அதற்கு மேல் ஏற்றினால் உடைந்த தார்ச்சாலையில் வண்டி துள்ளும், ஈரத்தில் வழுக்கும்.

வால்வைப் பாருங்கள். விலை கூடிய சைக்கிள்கள் பலவற்றில் மெல்லிய பிரெஸ்டா வால்வு இருக்கும். மலையூர் பஞ்சர் கடையில் பைக், கார் வால்வுக்குத்தான் காற்றடிக்க முடியும். சில ரூபாயில் கிடைக்கும் பித்தளை அடாப்டர் இரண்டைப் பையில் போட்டுக்கொள்ளுங்கள். எட்டுப் பேருக்கான உதிரிகள்: ஒவ்வொரு டயர் அளவுக்கும் இரண்டு டியூப், பஞ்சர் ஒட்டும் பெட்டி இரண்டு, கைப்பம்பு இரண்டு, டயர் லீவர் மூன்று, செயின் கட்டர், அறுந்த செயினை இணைக்க அந்தந்தச் செயினுக்குப் பொருந்தும் குயிக் லிங்க் இரண்டு, பிரேக் பேட் இரண்டு ஜோடி, கியர் கேபிள் ஒன்று. வாடகைச் சைக்கிள் என்றால் முந்தின நாளே ஒவ்வொருவரையும் ஏற்றிச் சீட் உயரத்தைச் சரிசெய்துவிடுங்கள்; பெடல் கீழே இருக்கும்போது முழங்கால் சற்றே மடங்கியிருக்க வேண்டும். முழங்கால் வலி என்று பாதியில் வேனில் ஏறுகிறவர்களில் பலருக்குச் சீட்தான் தாழ்வாக இருக்கும். காலுக்குத் தட்டையான ரப்பர் அடி ஷூ. பெடலில் மாட்டும் இரும்புக் கிளீட் பாறையில் வழுக்கும், கல்லையும் கீறும்.

காலை ஆறரைக்கு முன் சாலையில் இறங்க வேண்டாம், மாலை ஐந்துக்கு மேல் சாலையில் இருக்க வேண்டாம். காட்டுமாடும் யானையும் நடமாடும் பகுதி இது. கார் வருவது அவற்றுக்குத் தூரத்திலேயே கேட்டுவிடும். சைக்கிள் வருவது கேட்காது. திடீரென்று பத்தடியில் ஆளைப் பார்த்து மிரளுவதுதான் ஆபத்து. அதனால் பார்வைக்கு மறைவான வளைவுகளுக்கு முன் மணியடியுங்கள், பேசிக்கொண்டே போங்கள். காட்டுமாடு சாலையில் நின்றால் 50 மீட்டர் தள்ளி நின்று காத்திருங்கள். கூட்டத்தைவிட ஒற்றைக் கடாவிடம் இன்னும் எச்சரிக்கை வேண்டும். யானை என்றால் பேச்சுக்கே இடமில்லை. சத்தமில்லாமல் வண்டியைத் திருப்பி வேனுக்குப் போய்விடுங்கள்.

திட்டைக்கு அருகில் 100 மீட்டர் முன்பே சைக்கிள்களை நிறுத்துங்கள். ஹெல்மெட்டையும் பையையும் அங்கேயே வையுங்கள். முதுகுப்பையோடு திரும்பும்போது பலகையில் இடிப்பது அடிக்கடி நடக்கிறது. சில திட்டைகளுக்குள் இன்றும் விளக்கேற்றுகிறார்கள். அப்படி எண்ணெய்க் கறையோ பூவோ தெரிந்தால் செருப்பைக் கழற்றுங்கள். அது அந்த ஊரின் கோயில்.

பார்க்கும் நேரம் இரண்டாம் நாள் காலை ஏழரை முதல் ஒன்பது வரை. சாய்வெயில் கல்லின் மேல் பட்டால் உளிக்கொத்தும் பிளந்த விளிம்பும் நிழலோடு தெரியும். உச்சி வெயிலில் எல்லாம் தட்டையாகிவிடும். கோடு தெரியவில்லை என்று சாக்பீஸ் தேய்ப்பதும், சுண்ணாம்பு பூசுவதும், எண்ணெய் தடவுவதும் கல்லைக் கெடுக்கும். பக்கவாட்டில் டார்ச் பிடித்தாலே போதும். குழுவை இரண்டிரண்டு பேராகப் பிரித்து ஒவ்வொரு வேலை கொடுங்கள். ஒரு ஜோடி திசைகாட்டியால் திறப்பு எந்தப் பக்கம் என்று குறிக்கட்டும். ஒரு ஜோடி, கல்லைத் தொடாமல் டேப் பிடித்து நீள அகலம் எடுக்கட்டும். ஒரு ஜோடி பலகையில் வட்டத் துளை இருக்கிறதா என்று பார்க்கட்டும். அதற்குப் பெயர் இடுதுளை. நான்காவது ஜோடி மேடையைச் சுற்றி வந்து எங்கே உடைகல் சரிந்திருக்கிறது, எங்கே புதிதாகத் தோண்டிய குழி இருக்கிறது என்று எழுதட்டும். புதையல் இருக்கும் என்று நம்பித் தோண்டியவர்களால் விழுந்த திட்டைகள் இந்த மலையில் உண்டு. புதுக் குழி கண்டால் கிராம நிர்வாக அலுவலருக்குத் தகவல் சொல்லுங்கள்.

காலடியில் ஒரு பக்கம் கறுப்பும் மறுபக்கம் சிவப்புமாக ஓட்டுச்சில் கிடக்கலாம். பானையைக் கவிழ்த்துச் சுடும்போது காற்று புகாத உட்புறமும் வாய்விளிம்பும் கறுத்து, வெளிப்புறம் சிவக்கும். எடுக்காமல் குனிந்து பாருங்கள், பக்கத்தில் பேனா வைத்துப் படம் எடுங்கள், அங்கேயே விடுங்கள். சில் எந்த இடத்தில் கிடந்தது என்பதில்தான் அதன் சேதி பாதி இருக்கிறது. பையில் போட்டால் அது வெறும் ஓடு. மண்ணில் கிடைக்கும் பழம்பொருளை மறைத்து எடுத்துப்போவது 1878-ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படி குற்றமும்கூட. படத்தை வெளியிடும்போது ஊர்ப்பெயர் போதும், இருப்பிடப் புள்ளி வேண்டாம்.

முதல் நாள் மாலையில் தாண்டிக்குடிப் பாலமுருகன் கோயிலுக்குப் போகலாம். முருகன் இங்கிருந்து தாண்டிக் குதித்துப் பழனிக்குப் போனதால் இந்தப் பெயர் என்பது ஊர்ப்பேச்சு. தாண்டிக்குடியில் தொல்லியல் அறிஞர் கா. ராஜன் நடத்திய அகழாய்வில் ஈமச் சின்னங்கள் வெளிப்பட்டன; சமவெளிக்கும் மேற்குக்கும் இடையே மலை கடந்த பாதையில் இந்த ஊர் இருந்ததைக் குழுவுக்கு எடுத்துச் சொல்ல இதுவே நல்ல இடம்.

மறுநாள் இறக்கத்தில் கவனம் வேண்டும். இருவருக்கு நடுவே 30 மீட்டர் இடைவெளி. முன்னால் ஒரு வழிகாட்டி, கடைசியில் ஒரு வழிகாட்டி. முன்னவரை யாரும் முந்தக் கூடாது. இரண்டு பிரேக்கையும் விட்டுவிட்டுப் பிடியுங்கள். வேகத்தைக் கொண்டை ஊசி வளைவுக்கு முன்பே குறைத்து, வளைவுக்குள் பிரேக்கை விட்டுத் திரும்புங்கள். வளைவுக்குள் முன்பிரேக்கை அழுத்தினால் மணலில் முன்சக்கரம் வாரிவிடும். மேலே ஏறி வரும் வண்டிக்குத்தான் முதல் வழி. பஸ் வளைவை முழுதாக எடுத்துக்கொள்ளும் என்பதால் ஹாரன் கேட்டவுடன் வளைவுக்கு முன்பே இடப்பக்கம் ஒதுங்கி நில்லுங்கள். ஐந்து கிலோமீட்டருக்கு ஒருமுறை ஐந்து நிமிடம் நிறுத்துங்கள். டிஸ்க்கைத் தொட்டுப் பார்க்க வேண்டாம், தோல் ஒட்டிக்கொள்ளும். தண்ணீர் ஊற்றவும் வேண்டாம், தகடு கோணிவிடும். பிரேக் பிடி பஞ்சுபோல் உள்ளே போகிறது, கருகல் வாடை வருகிறது என்றால் அந்தச் சைக்கிள் வேனில் ஏற வேண்டும்.

மூன்றாவது நாள் கிடைத்தால் வேனில் பழனிக்குப் போய்ச் சமவெளியில் மிதிக்கலாம். பொருந்தல், பழனிக்குத் தென்மேற்கே சுமார் 12 கிலோமீட்டர். 2009, 2010-இல் நடந்த அகழாய்வில் இங்கே ஓர் ஈமக்குழியில் ஜாடி நிறைய நெல் கிடைத்தது. அதன் காலக்கணிப்பு கி.மு. 490 வரை போனது. குழிகளை மூடிவிட்டார்கள், இப்போது கண்ணுக்குத் தெரிவது நிலமும் மலையும்தான் என்பதை முன்பே சொல்லிவிட்டால் ஏமாற்றம் இருக்காது. பழனிக்கு மேற்கே உள்ள ஐவர்மலையில் நிறைய மிச்சமிருக்கிறது. பாறை முகப்பில் சமணத் தீர்த்தங்கரர் உருவங்கள் பதினாறு. அருகே வரகுண பாண்டியனின் 8-ஆம் ஆட்சியாண்டையும் சக ஆண்டு 792-ஐயும் சேர்த்துச் சொல்லும் கல்வெட்டு, அதாவது கி.பி. 870. அந்தப் பாண்டியன் ஆட்சிக்கு வந்த ஆண்டைக் கணக்கிட உதவியது இந்தக் கல்வெட்டுதான். படியேற வேண்டும், சைக்கிள்களை அடிவாரத்தில் ஒரே சங்கிலியில் சேர்த்துப் பூட்டிவிட்டு, ஒன்பதுக்குள் ஏறிவிடுங்கள். பத்துக்கு மேல் பாறை கொதிக்கும்.